படத்தில் கோளாறு: அறிகுறியைப் பார்த்துக் காரணத்தைப் பிடிக்கும் வழி

படப்பிடிப்பில் நேர்ந்த குறைகளில் பாதிக்கு மேல் எடிட்டிங்கில் உட்கார்ந்த பிறகுதான் கண்ணில் படும். அங்கே பட்டதாலேயே அங்கேயே சரிசெய்யவும் தோன்றும். மங்கலான ஷாட்டுக்கு ஷார்ப்னஸை ஏற்றுவோம், துடிக்கிற வெளிச்சத்துக்கு ப்ளகின் தேடுவோம், உதட்டோடு ஒட்டாத ஒலியைத் துண்டு துண்டாக வெட்டி நகர்த்துவோம். விடிந்தும் வேலை முடிந்திருக்காது. குறை பிறந்தது வேறு இடம் என்றால் இங்கே எவ்வளவு தட்டினாலும் அது நேராகாது.

வெளிச்சம், லென்ஸ், ஒளியைப் பதியும் சென்சார், கார்டில் உள்ள கோப்பு, எடிட்டிங்கில் ஷாட்டுகளை அடுக்கும் டைம்லைன், முடித்த படத்தைக் கோப்பாக்கும் எக்ஸ்போர்ட், கடைசியாகப் பார்க்கிற திரை: ஒரு ஷாட் இத்தனையையும் கடந்துதான் நம் கண்ணுக்கு வருகிறது. தேடும்போது கடைசியிலிருந்து முன்னால் வாருங்கள். திரையையும் டைம்லைனையும் சோதிக்க ஒரு நிமிடம் போதும், மறுபடி ஷூட் போக ஒரு நாள் வேண்டும்.

எந்த அறிகுறியானாலும் முதலில் கார்டிலிருந்து எடுத்த மூலக் கோப்பை எடிட்டிங் மென்பொருளுக்கு வெளியே, விஎல்சி மாதிரி ஒரு பிளேயரில் ஓட்டிப் பாருங்கள். அங்கே குறை இல்லையென்றால் கேமராவைக் குறை சொல்ல வேண்டாம், டைம்லைனில் தேடுங்கள். அங்கேயும் இருந்தால் ஃபிரேம் ஃபிரேமாக நகர்த்திப் பாருங்கள்; ஓடும்போது ஒன்றாகத் தெரியும் இரண்டு குறைகள் நிறுத்திப் பார்க்கும்போது தனித்தனியாகப் பிரிந்துவிடும். அதன்பிறகு கீழே உங்கள் அறிகுறியைத் தேடுங்கள்.

## வெளிச்சம் துடிக்கிறது, அல்லது படத்தில் கிடைமட்டப் பட்டைகள் ஊர்கின்றன

மின்விளக்கின் வெளிச்சம் நம் கண்ணுக்குச் சீராகத் தெரிந்தாலும் மாறுமின்னோட்டத்தோடு சேர்ந்து ஏறி இறங்கிக்கொண்டே இருக்கிறது. 50 ஹெர்ட்ஸ் மின்சாரம் உள்ள நாடுகளில் நொடிக்கு 100 முறை, 60 ஹெர்ட்ஸ் நாடுகளில் 120 முறை. ஷட்டர் திறந்திருக்கும் நேரத்துக்குள் இந்தத் துடிப்புகள் முழு எண்ணிக்கையில் அடங்கினால் எல்லா ஃபிரேமுக்கும் ஒரே அளவு வெளிச்சம் கிடைக்கும். அடங்காவிட்டால் ஒன்றுக்குக் கூடுதல், அடுத்ததற்குக் குறைவு. சென்சார் வரி வரியாகப் படிப்பதால் ஒரே ஃபிரேமுக்குள்ளேயே மேல்வரி வெளிச்சமாகவும் கீழ்வரி இருட்டாகவும் வந்து பட்டையாகத் தெரியும்.

ஆகவே 50 ஹெர்ட்ஸ் பகுதியில் ஷட்டர் திறந்திருக்கும் நேரம் 1/25, 1/50, 1/100 நொடிகளில் ஒன்றாக இருக்கட்டும். 60 ஹெர்ட்ஸ் பகுதியில் 1/30, 1/60, 1/120. இங்கே பலரும் ஃபிரேம் ரேட்டை, அதாவது நொடிக்கு எத்தனை ஃபிரேம் என்பதை, மாற்றிப் பார்த்துத் தோற்பார்கள். உண்மையில் அதைத் தொடவே வேண்டாம். 24 ஃபிரேமிலேயே இருந்துகொண்டு 1/50 வைத்தால் போதும். ஷட்டரைக் கோணத்தில் காட்டும் கேமராவில் அது 172.8 டிகிரி. 180 டிகிரியில் 1/48 வரும். அந்தச் சின்ன வித்தியாசமே 50 ஹெர்ட்ஸ் விளக்கின் கீழ் மெல்லிய துடிப்பைக் கிளப்பப் போதுமானது.

ஷட்டர் சரியாக இருந்தும் துடிக்கிறதா? விளக்கை டிம்மரில் குறைத்திருக்கிறார்களா என்று பாருங்கள். மலிவான எல்இடி விளக்குகள் பல, வெளிச்சத்தைக் குறைப்பதற்குப் படுவேகமாக அணைந்து எரிகின்றன. அந்த வேகத்துக்கும் மின்சார அதிர்வெண்ணுக்கும் சம்பந்தமே கிடையாது. விளக்கை முழு அளவில் எரியவிட்டு, தள்ளி வையுங்கள், அல்லது முன்னால் துணி கட்டி வெளிச்சத்தைக் குறையுங்கள். மடிக்கணினித் திரையோ டிவியோ ஃபிரேமுக்குள் இருந்து அதில் மட்டும் பட்டை ஊர்ந்தால் விஷயம் வேறு: அந்தத் திரை நொடிக்கு எத்தனை முறை புதுப்பிக்கிறதோ அதற்குத்தான் ஷட்டர் ஒத்துப்போக வேண்டும். பெரும்பாலான திரைகளுக்கு அது 60. ஷட்டரைப் பின்ன அளவில் நுணுக்கமாக மாற்றும் வசதி கேமராவில் இருந்தால் பட்டை நின்றுபோகும் வரை மெல்லத் திருப்புங்கள்.

ஸ்லோ மோஷனில் இது இன்னும் சிக்கல். 50 ஹெர்ட்ஸ் விளக்கின் கீழ் 120 ஃபிரேமில் எடுத்தால் ஷட்டரை 1/120-க்கு மேல் திறந்துவைக்க இடமில்லை, 1/100 கிடைக்காது, துடிப்பு உறுதி. கேமராவில் 100 ஃபிரேம் இருந்தால் அதில் 1/100 வையுங்கள். இல்லையென்றால் பகல் வெளிச்சத்துக்கு நகருங்கள்.

எடுத்தாகிவிட்டது, இனி மறுபடி எடுக்க முடியாது என்றால்: ஃபிரேம் முழுவதும் ஒன்றாகத் துடிக்கும் ஷாட்டுக்கு ஒரு பழைய தந்திரம் உண்டு. அதே கிளிப்பின் நகலை மேல் டிராக்கில் ஒரு ஃபிரேம் தள்ளி வைத்து ஒளிபுகுதன்மையை 50 சதவீதம் ஆக்குங்கள். கூடுதலும் குறைவும் சராசரியாகும். ஆனால் கை வேகமாக அசைந்தால் நிழலுரு தெரியும், அசைவு குறைந்த ஷாட்டுக்கு மட்டுமே இது சரிவரும். ஊர்கிற பட்டைகளுக்குத் துடிப்பைக் குறைக்கும் டீஃப்ளிக்கர் கருவிகள் ஓரளவு உதவும். அடர்த்தியான பட்டையை எதுவும் முழுசாக எடுப்பதில்லை.

## படம் தெளிவாக இல்லை

உண்மையிலேயே மங்கலா என்பதை உறுதிசெய்யுங்கள். பிரீவ்யூ தரம் கால் அளவில் இருக்கலாம், மூலக் கோப்புக்குப் பதிலாக எடிட்டிங்குக்கென்று செய்த சின்ன நகல் (பிராக்சி) ஓடிக்கொண்டிருக்கலாம், 1080 கிளிப்பை 4கே டைம்லைனில் பெரிதாக்கியிருக்கலாம். யூடியூபில் இப்போதுதான் ஏற்றிய படம் மங்கலாகத் தெரிந்தால் காத்திருங்கள். அங்கே குறைந்த தரப் பதிப்பு முதலில் தயாராகும், உயர்தரம் பின்னால் வரும்.

மூலக் கோப்பே மங்கல் என்றால் ஒரு ஃபிரேமை நிறுத்தி 100 சதவீதத்தில் பாருங்கள். புகைப்படத்துக்கும் இதே சோதனைதான்.

எல்லாப் பொருளும் ஒரே திசையில் இழுபட்டிருந்தால் கை ஆடியிருக்கிறது. புகைப்படத்தில் ஷட்டர் வேகத்தின் பகுதி எண் குவியத் தூரத்துக்குக் குறையாமல் இருக்க வேண்டும் என்பது பழைய கணக்கு: 200 மிமீ லென்ஸுக்கு 1/200. ஏபிஎஸ்-சி என்ற சிறிய அளவுச் சென்சாரானால் ஒன்றரை மடங்கு கூட்டி 1/300 அளவில் வையுங்கள். பின்னணி கூர்மையாக இருந்து ஆள் மட்டும் இழுபட்டிருந்தால் ஷட்டர் அந்த ஆளின் வேகத்துக்குப் போதவில்லை. இதற்கு லென்ஸில் உள்ள ஸ்டெபிலைசர் ஒன்றும் செய்யாது, அது உங்கள் கையைத்தான் பிடிக்கும், ஓடுகிறவரை அல்ல. ஆளின் காதோ பின்னாலுள்ள சுவரோ கூர்மையாகவும் கண் மங்கலாகவும் இருந்தால் ஃபோகஸ் தவறியிருக்கிறது. எதுவுமே கூர்மையாக இல்லை, இழுபடவும் இல்லை, விளக்குகளைச் சுற்றி ஒளிவட்டம் வேறு என்றால் லென்ஸின் முன்கண்ணாடியைப் பாருங்கள். கைரேகையாக இருக்கும், அல்லது குளிர்ந்த அறையிலிருந்து வெளியே வந்ததும் படிந்த ஈரமாக இருக்கும். ஈரத்தைத் துடைத்தால் மறுபடி படியும்; கேமராவைப் பைக்குள்ளேயே வைத்து வெளிவெப்பத்துக்குப் பழகவிடுங்கள்.

வீடியோவில் அடிக்கடி நடப்பது ஒன்று: ஜூம் செய்து முகத்தில் ஃபோகஸ் வைத்து, பிறகு ஜூமைப் பின்வாங்கிப் பதிவு செய்வார்கள், ஷாட் லேசாக மங்கியிருக்கும். புகைப்படத்துக்கென்று செய்த பல ஜூம் லென்ஸ்களில் குவியத் தூரம் மாறினால் ஃபோகஸும் நகர்ந்துவிடும். எந்த அளவில் எடுக்கப்போகிறீர்களோ அந்த அளவிலேயே ஃபோகஸ் வைத்து, திரையை உருப்பெருக்கிப் பாருங்கள்.

மங்கலை எடிட்டிங்கில் மீட்பது பற்றி அதிகம் நம்பிக்கை வைக்காதீர்கள். லேசாகத் தவறிய ஃபோகஸுக்கு ஷார்ப்னஸ் ஓரளவு கைகொடுக்கும். கை ஆடியதற்குக் கொடுக்காது.

## அசைவு வெட்டி வெட்டித் தெரிகிறது

ஒரே இடத்தை மூன்று முறை ஓட்டுங்கள். திக்கல் ஒவ்வொரு முறையும் வேறு வேறு இடத்தில் வந்தால் கணினி திணறுகிறது, படத்தில் குறையில்லை. எச்.264, எச்.265 முறையில் சுருக்கிய கோப்புகள் பெரும்பாலான ஃபிரேம்களை முழுப்படமாகச் சேமிப்பதில்லை; முன்பின் ஃபிரேம்களோடு ஒப்பிட்டு வித்தியாசத்தை மட்டும் வைத்திருக்கும். ஒரு ஃபிரேமைக் காட்டப் பலவற்றைக் கூட்டிக் கட்ட வேண்டும். பிராக்சி செய்துகொள்ளுங்கள், தீர்ந்தது.

திக்கல் எப்போதும் அதே இடத்தில், அதுவும் சீரான இடைவெளியில் வந்தால் ஃபிரேம் ரேட் முரண். 25 ஃபிரேம் கிளிப்பை 24 டைம்லைனில் போட்டால் நொடிக்கு ஒரு ஃபிரேம் காணாமல் போகும். நடந்து போகிறவர் நொடிக்கு ஒருமுறை இடறுவதுபோல் இருக்கும். 30-ஐ 24-இல் போட்டால் நொடிக்கு ஆறு போகும். கிளிப்பை 24 என்றே எடுத்துக்கொள்ளும்படி மென்பொருளுக்குச் சொன்னால் 25-இல் எடுத்தது 96 சதவீத வேகத்தில் வழுக்கிக்கொண்டு ஓடும், யாருக்கும் தெரியாது. 30-இல் எடுத்தது 80 சதவீதமாகும். அது கண்ணுக்குத் தெரியும், பேச்சுள்ள ஷாட்டுக்குச் சரிவராது. ஸ்லோ மோஷனுக்கும் இதே கணக்கு. 60 ஃபிரேமை 24 டைம்லைனில் 50 சதவீதமாக்கினால் நொடிக்கு 30 ஃபிரேம் வந்து ஆறு வீணாகும். 40 சதவீதம் வைத்தால் ஒன்றுகூட வீணாகாது. 120-க்கு 20 சதவீதம். வேகத்தைச் சும்மா கண்ணால் பார்த்து 50, 25 என்று போடுவதால்தான் நிறைய ஸ்லோ மோஷன் ஷாட்டுகள் நொண்டுகின்றன.

திக்கல் இல்லை, ஆனால் அசைவு முழுக்க விறைப்பாக, ஓடுகிறவரின் கால் ஒவ்வொரு ஃபிரேமிலும் கத்தி வெட்டுப் போலக் கூர்மையாக இருக்கிறது என்றால் ஷட்டர் மிக வேகம். வெயிலில் தானியங்கியில் விட்ட கேமரா 1/1000, 1/2000 என்று போய்விடும். வழக்கமான அசைவு வேண்டுமானால் ஷட்டர், ஃபிரேம் ரேட்டின் இரு மடங்கை ஒட்டி இருக்க வேண்டும்: 24-க்கும் 25-க்கும் 1/50, 30-க்கு 1/60. நல்ல வெயிலில் ஐஎஸ்ஓ (சென்சாரின் உணர்திறன்) 100, ஷட்டர் 1/100, அப்பெர்ச்சர் (லென்ஸின் திறப்பு) எஃப்/16 என்பது சரியான வெளிச்சக் கணக்கு. அங்கிருந்து எஃப்/2.8-க்குத் திறந்தால் ஐந்து ஸ்டாப் (ஒரு ஸ்டாப் என்றால் வெளிச்சம் இரு மடங்கு) கூடுகிறது, ஷட்டரை 1/50 ஆக்கினால் இன்னொன்று. ஆறு ஸ்டாப்பை எங்கேயாவது குறைத்தாக வேண்டும். அதற்குத்தான் வெளிச்சத்தைக் குறைக்கும் கண்ணாடியான என்டி64 ஃபில்டர். பெரும்பாலான போன்களில் அப்பெர்ச்சர் மாறாது என்பதால் அவற்றுக்கும் என்டி ஒன்றுதான் வழி. திருகித் திருகி அடர்த்தியை மாற்றும் ஃபில்டரை அதன் எல்லை வரை திருகாதீர்கள், அகல லென்ஸில் படத்தின் குறுக்கே பெருக்கல் குறி மாதிரி நிழல் விழும்.

கேமராவைப் பக்கவாட்டில் திருப்பும்போது (பேன்) மட்டும் பின்னணி அதிர்ந்தால் பேன் வேகம் அதிகம். 24 ஃபிரேமில், ஒரு பொருள் ஃபிரேமின் ஒரு ஓரத்திலிருந்து மறு ஓரம் போக ஏழு நொடியாவது ஆக வேண்டும் என்பது ஒளிப்பதிவாளர்கள் காலங்காலமாகச் சொல்லும் கணக்கு. அவ்வளவு மெதுவாகப் போக முடியாதென்றால் நேர்மாறாகச் செய்யுங்கள்: எதுவுமே அடையாளம் தெரியாத வேகத்தில் விசுக்கென்று திருப்புங்கள். நடுத்தர வேகம்தான் எதிரி. யாரையாவது பின்தொடர்ந்து பேன் செய்தால் இந்தக் கணக்கு அவ்வளவு கறாராகப் பொருந்தாது. பார்ப்பவர் கண் ஆளின் மேல் இருக்கும், பின்னணியைக் கவனிக்காது.

## தூண்கள் சாய்கின்றன, படம் கூழ் மாதிரி ஆடுகிறது

சிமாஸ் சென்சார் மேல்வரியிலிருந்து கீழ்வரி வரை படித்து முடிப்பதற்குள் கேமரா நகர்ந்துவிட்டால் நேர்க்கோடு சாயும், அதிர்வு இருந்தால் நெளியும்; இதைத்தான் ரோலிங் ஷட்டர் என்பார்கள். நீண்ட லென்ஸைக் கையில் பிடிப்பதும் வண்டிக்குள் வைத்து எடுப்பதும்தான் பெரும்பாலும் காரணம். ஷட்டர் வேகத்தைக் கூட்டினால் தீராது, நெளிவு இன்னும் கூர்மையாகத் தெரியும், அவ்வளவுதான். சென்சார் முழுவதையும் ஒரே நேரத்தில் படிக்கும் குளோபல் ஷட்டர் உள்ள கேமராக்களில் இந்தத் தொல்லை இல்லை. முழு ஃபிரேம் மிரர்லெஸ் கேமராவில் அது முதன்முதலில் வந்தது 2023 நவம்பரில் அறிவிக்கப்பட்ட சோனி ஏ9 மூன்றாம் பதிப்பில். மற்ற கேமராக்களில் அகல லென்ஸும் ட்ரைபாடும்தான் மருந்து. எடிட்டிங்கில் ரோலிங் ஷட்டர் திருத்தம் சாய்வை ஓரளவு நிமிர்த்தும்.

ஆனால் மூலக் கோப்பில் நெளிவே இல்லாமல் டைம்லைனில் மட்டும் மூலைகள் நெளிகிறதா? அது ஆட்டத்தை எடுக்க எடிட்டிங்கில் நீங்கள் போட்ட ஸ்டெபிலைசரின் வேலை. அது படத்தை வளைத்து நிமிர்த்தும் முறையிலிருந்து இடம், சுழற்சி, அளவு மட்டும் மாற்றும் முறைக்கு மாற்றுங்கள். ஸ்டெபிலைஸ் செய்த பிறகு அசையாத படத்தில் அவ்வப்போது ஒரு கணம் மங்கல் வந்து போனால், பழைய அதிர்வின் இழுப்பு ஃபிரேம்களில் பதிந்து நிற்கிறது என்று பொருள். அதை எடுக்க முடியாது. கொஞ்சம் ஆட்டத்தைத் திரும்ப விட்டுவிடுங்கள், ஆட்டத்தோடு சேர்ந்து வரும் மங்கல் இயல்பாகத் தெரியும்.

புகைப்படக்காரர்களுக்கு இங்கேயே இரண்டு. சத்தமில்லாத எலக்ட்ரானிக் ஷட்டரில் எடுத்த படத்தில் வீசிய கிரிக்கெட் மட்டை வளைந்திருந்தால், மண்டபத்து விளக்கின் கீழ் பட்டை விழுந்தால், மெக்கானிக்கல் ஷட்டருக்கு மாறுங்கள். ஃப்ளாஷ் போட்ட படத்தில் ஒரு பக்கம் பட்டையாகக் கறுத்திருந்தால் ஷட்டர், ஃப்ளாஷ் ஒத்திசைவு வேகத்தைத் தாண்டிவிட்டது. பல கேமராக்களில் அது 1/200 அல்லது 1/250.

## உதடும் ஒலியும் ஒட்டவில்லை

ப்ளூடூத் ஹெட்போனைக் கழற்றிவிட்டு ஒயர் உள்ளதை மாட்டிக் கேளுங்கள். ப்ளூடூத்தில் ஒலி தாமதமாகத்தான் வரும். சரியாக இருந்த ஒலியை அதை நம்பி நகர்த்திக் கெடுத்தவர்கள் ஏராளம்.

அதன்பிறகு கிளிப்பின் தொடக்கத்திலும் நடுவிலும் கடைசியிலும் ஒவ்வோரிடத்தில் விலகலை அளந்து பாருங்கள். இந்த மூன்று அளவுகள் எப்படி மாறுகின்றன என்பதிலேயே காரணம் முக்கால்வாசி தெரிந்துவிடும்.

மூன்று இடத்திலும் ஒரே விலகல் என்றால் நகர்த்தி ஒட்டினால் போதும். தூரத்திலிருந்து கேமரா மைக்கிலேயே பதிந்த ஒலியில் இது இயற்கையாகவே வரும். ஒலி நொடிக்குச் சுமார் 343 மீட்டர் போகிறது. 24 ஃபிரேமில் ஒரு ஃபிரேமுக்கு 14 மீட்டர். மேடைக்கு 30 மீட்டர் பின்னால் நின்றால் இரண்டு ஃபிரேம் தாமதம்.

தொடக்கத்தில் ஒட்டி, போகப்போகச் சீராக விலகினால், எவ்வளவு விலகுகிறது என்பதைக் கணக்கிடுங்கள். ஒரு மணி நேரத்துக்கு 3.6 நொடி என்றால் 24-ஐயும் 23.976-ஐயும், அல்லது 30-ஐயும் 29.97-ஐயும் யாரோ குழப்பியிருக்கிறார்கள். அமெரிக்காவில் 1953-இல் கறுப்பு வெள்ளை அலையோடு வண்ணத்தைச் சேர்க்க, நொடிக்கு 30 என்பதை ஆயிரத்தில் ஒரு பங்கு குறைத்தார்கள். அந்தக் கணக்கு இன்றும் நம் டைம்லைனில் உட்கார்ந்திருக்கிறது. ஒரு மணி நேரத்துக்கு 2 நிமிடம் 24 நொடி விலகினால் 24-25 குழப்பம். குரல் கீச்சென்றோ கரகரவென்றோ மாறி, ஒரு மணி நேரத்துக்கு ஐந்து நிமிடம் அளவில் விலகினால் 44.1 கிலோஹெர்ட்ஸ் மாதிரி விகிதத்தில் (ஒலியை நொடிக்கு எத்தனை முறை அளக்கிறது என்ற கணக்கு) பதிந்ததை 48 என்று ஓட்டுகிறீர்கள், அல்லது நேர்மாறாக. மூன்றுக்கும் தீர்வு ஒன்றே: ஒலியை இழுக்காதீர்கள், கிளிப்பின் உண்மையான ஃபிரேம் ரேட்டையோ மாதிரி விகிதத்தையோ மென்பொருளுக்குச் சரியாகச் சொல்லுங்கள்.

விலகல் ஒரு மணி நேரத்துக்குச் சில ஃபிரேம்கள் மட்டும்தானா? எதுவும் தவறில்லை. கேமராவின் கடிகாரமும் ஒலியைத் தனியாகப் பதிந்த ரெக்கார்டரின் கடிகாரமும் துளி வேறுபடுகின்றன. 40 நிமிடப் பதிவில் ரெக்கார்டர் 0.2 நொடி கூடுதலாக ஓடியிருந்தால் அதன் வேகத்தை 100.008 சதவீதமாக்கலாம். பல மென்பொருள்களில் இத்தனை தசமம் போட இடமிருக்காது. எனக்கு அதைவிடப் பிடித்த வழி, பேச்சில் இயல்பாக வரும் மௌனங்களில் ஒலியை வெட்டி, பத்து நிமிடத்துக்கு ஒருமுறை ஒன்றிரண்டு ஃபிரேம் நகர்த்திவிடுவது. நேரலை இசையானால் இது ஆகாது, அங்கே வேகத்தைத்தான் மாற்ற வேண்டும். அதனால் நீண்ட பதிவுகளில் தொடக்கத்தில் மட்டுமல்ல, கடைசியிலும் ஒரு கிளாப் அடியுங்கள். அளப்பதற்குப் பிடி கிடைக்கும்.

கடைசி வகைதான் ஆளைச் சோர்வடைய வைப்பது: ஓரிடத்தில் ஒலி முந்துகிறது, அடுத்த இடத்தில் பிந்துகிறது, எந்தச் சீரும் இல்லை. போனில் எடுத்த கோப்பா என்று பாருங்கள். பல போன்கள் வெளிச்சத்தையும் வேலைச்சுமையையும் பொறுத்து ஃபிரேம் ரேட்டை நொடிக்கு நொடி மாற்றிக்கொள்ளும். கோப்பின் விவரங்களைக் காட்டும் மீடியாஇன்ஃபோ மென்பொருளில் திறந்தால் ஃபிரேம் ரேட் மாறக்கூடியது என்று எழுதியிருக்கும். கோப்பை மாற்றித் தரும் ஹேண்ட்பிரேக் மென்பொருளில் போட்டு நிலையான ஃபிரேம் ரேட்டுக்கு மாற்றுங்கள். எடிட்டைத் தொடங்குவதற்கு முன்னால் செய்ய வேண்டிய வேலை இது. பாதி வெட்டிய பிறகு கோப்பை மாற்றினால் வெட்டுகளெல்லாம் இடம் மாறும்.

## நிறம் சரியில்லை

முகம் பச்சையடித்தால் நிறவெப்ப அளவான கெல்வினை ஏற்றி இறக்கி நேரத்தை வீணாக்க வேண்டாம். கெல்வின் நீலத்துக்கும் ஆரஞ்சுக்கும் இடையேதான் நகரும். ட்யூப்லைட்டும் மட்டமான எல்இடியும் தரும் பச்சைக்கு, பச்சை-மெஜந்தா அளவான டின்ட்டை மெஜந்தா பக்கம் தள்ள வேண்டும். அப்படியும் தோல் உயிரில்லாமல் இருந்தால் அந்த விளக்கில் சிவப்பு அலைகளே போதுமான அளவு இல்லை. வராத நிறத்தை மென்பொருளால் வரவழைக்க முடியாது.

முகத்தில் ஒரு பாதி நீலம், மறுபாதி ஆரஞ்சு: ஜன்னல் பகலொளி சுமார் 5600 கெல்வின், பல்பு 3200. ஒன்றை அணையுங்கள். அணைக்க முடியாதென்றால் பல்பின் மேல் நீல ஜெல் (நிறத்தாள்), அல்லது ஜன்னலில் ஆரஞ்சு ஜெல். எடுத்தபிறகு மாஸ்க் போட்டுப் பாதி முகத்தைத் தனியாகத் திருத்தலாம், தலை அசையாதவரைக்கும். ஷாட்டின் நடுவில் நிறம் தானே நகர்ந்தால் வைட் பேலன்ஸ் தானியங்கியில் இருந்திருக்கிறது.

படம் முழுக்கச் சாம்பல் பூத்திருந்தால் லாக்கில், அதாவது பின்னால் நிறம் திருத்துவதற்காகக் கான்ட்ராஸ்ட்டைக் குறைத்துப் பதியும் முறையில், எடுத்திருக்கிறீர்கள். எந்த லாக்கோ அதற்குரிய லட்டைத்தான் (நிறங்களை மாற்றித் தரும் அட்டவணைக் கோப்பு) போட வேண்டும், சோனியின் எஸ்-லாக்3-க்கானதைப் பானசோனிக்கின் வி-லாக்கில் போட்டால் நிறம் எங்கோ போகும். லட் போட்டதும் முகம் வெளுத்தோ கறுத்தோ போனால் லட்டைக் குறை சொல்லாதீர்கள். எக்ஸ்போஷர் திருத்தத்தை லட்டுக்கு முந்தைய படிக்கு நகர்த்துங்கள். லட் வெட்டி எறிந்த வெண்மையை அதற்குப் பின்னால் இறக்கிப் பயனில்லை. போனில் எடுத்த வீடியோ டைம்லைனில் மட்டும் கண்கூச வெளுத்தால் அது எச்டிஆர் (சாதாரணத்தைவிடப் பெரிய வெளிச்ச வீச்சு உள்ள) கோப்பு. ஐபோன் 12 முதல் இது வழக்கமாகிவிட்டது. மென்பொருளின் கலர் மேனேஜ்மென்ட்டில் மூலக் கோப்பின் வகையைச் சரியாகக் குறியுங்கள். அடுத்த முறை, எச்டிஆர் தேவையில்லாத வேலைக்குப் போனிலேயே அதை அணைத்துவிடுங்கள்.

எக்ஸ்போர்ட் செய்ததும் வெளிறிப்போகிறது என்பது தனி நோய். எக்ஸ்போர்ட் ஆன கோப்பை அதே டைம்லைனுக்குள் கொண்டுவந்து, மூல எடிட்டின் பக்கத்தில் வைத்து, வெளிச்ச அளவை வரைபடமாகக் காட்டும் ஸ்கோப்பில் ஒப்பிடுங்கள். கண்ணால் பார்த்து முடிவு செய்யாதீர்கள். அலைவடிவம் ஒத்துப்போனால் கோப்பு நல்லபடி இருக்கிறது, காட்டுகிற பிளேயர்தான் வேறு மாதிரி காட்டுகிறது. மேக்கில் குயிக்டைமும் விஎல்சியும் ஒரே கோப்பை இரண்டு மாதிரி காட்டுவது பிரசித்தம். ஒத்துப்போகாமல் கறுப்பு மேலே தூக்கியும் வெண்மை கீழே இறங்கியும் இருந்தால் அளவெல்லைக் குழப்பம். 8 பிட் வீடியோ மரபில் கறுப்பு 16, வெண்மை 235. கணினிப் படத்தில் 0, 255. ஒன்றை மற்றொன்றாக நினைத்தால் படம் வெளிறும், அல்லது நிழல்கள் அடைபடும். எக்ஸ்போர்ட்டில் அந்தத் தேர்வை மாற்றி மறுபடி எடுங்கள். கான்ட்ராஸ்ட்டை ஏற்றி ஈடுகட்டாதீர்கள், சரியான திரையில் அது இரட்டிப்பாகக் கறுக்கும்.

## சின்னச் சின்னத் தொல்லைகள்

வானத்தில் படிப்படியாக வரிகள் தெரிந்தால் 8 பிட்டின் 256 நிலைகள் போதவில்லை. 10 பிட்டில் 1024 உண்டு. எடுத்தது 8 பிட் என்றால் லேசாகக் கிரெய்ன் (பிலிமில் உள்ளது போன்ற பொடிப்புள்ளிகள்) தூவுங்கள், வரிகள் கலையும். சட்டைக் கோடுகளில் வானவில் நெளிந்தால் மொய்ரே: ஓரடி முன்னே பின்னே நகருங்கள், அல்லது சட்டையை மாற்றச் சொல்லுங்கள்.

நிழலில் புள்ளி புள்ளியாக நாய்ஸ் வந்தால் ஐஎஸ்ஓவைத் திட்டுவது வழக்கம். பெரும்பாலும் வெளிச்சம் போதாமல் எடுத்து எடிட்டிங்கில் தூக்கியதுதான் காரணம். நாய்ஸைக் குறைத்த பிறகே ஷார்ப்னஸ் ஏற்றுங்கள். வரிசை மாறினால் புள்ளிகளும் கூர்மையாகும்.

எல்லாப் புகைப்படத்திலும் அதே இடத்தில் மங்கிய கரும்புள்ளி, எஃப்/16-இல் தெரிந்து எஃப்/2.8-இல் மறைகிறது: சென்சாரில் தூசி. கையால் அழுத்தும் ப்ளோயரால் ஊதுங்கள், வாயால் வேண்டாம்.

ஜூம் செய்யும்போது படம் திடீரென இருண்டால் லென்ஸ் எஃப்/3.5-இலிருந்து 5.6-க்கு மாறும் வகை. தொடக்கத்திலேயே 5.6-இல் வைத்துவிட்டுத் தொடங்குங்கள்.

பதிவு தானே நின்றால் கார்டைப் பாருங்கள். உதாரணமாகக் கேமரா நொடிக்கு 400 மெகாபிட் என்கிறது, கார்டு மெகாபைட்டில் பேசுகிறது. எட்டால் வகுத்தால் நொடிக்கு 50 மெகாபைட். வி30 கார்டு 30-க்குத்தான் உறுதி தருகிறது. வி60 வேண்டும். கார்டு சரியாக இருந்தும் நின்றால் கேமரா சூடாகியிருக்கும்.

## வெட்டு உறுத்துகிறது

இதற்கு மென்பொருளில் பொத்தான் கிடையாது. ஆனால் அறிகுறிகள் இங்கேயும் தெளிவாகத்தான் இருக்கின்றன.

ஆள் உட்கார்ந்த இடத்திலேயே துள்ளினால் இரண்டு ஷாட்டும் மிக நெருங்கிய கோணம். கேமரா 30 டிகிரியாவது நகர்ந்திருக்க வேண்டும், அல்லது ஷாட்டின் அளவாவது நன்றாக மாறியிருக்க வேண்டும். இரண்டும் இல்லையென்றால் இடையில் கையையோ கேட்பவர் முகத்தையோ வைத்து மூடுங்கள். 4கே-யில் எடுத்து 1080-இல் தருகிறீர்கள் என்றால் இரண்டாவது துண்டைப் பெரிதாக்கலாம், ஆனால் தயங்காமல் பெரிதாக்குங்கள். பத்து சதவீதம் பெரிதாக்கினால் தவறு போலத்தான் இருக்கும்.

பேசும் இருவரும் ஒரே பக்கம் பார்ப்பதுபோல் இருந்தால், அல்லது இடப்பக்கம் ஓடியவர் அடுத்த ஷாட்டில் வலப்பக்கம் ஓடினால் 180 டிகிரிக் கோட்டை, அதாவது பேசும் இருவரையும் இணைக்கும் அல்லது ஓடும் திசையில் போகும் கற்பனைக் கோட்டை, கேமரா தாண்டியிருக்கிறது. நடுவில் கோட்டின் மேலேயே நின்று எடுத்த ஷாட் ஒன்றை, அதாவது நேரே நம்மைப் பார்த்து வருகிற ஷாட்டை, வைத்தால் மனம் ஏற்றுக்கொள்ளும். அதுவும் இல்லையென்றால் ஷாட்டை இடவலமாகத் திருப்பலாம். அதற்கு முன் சட்டைப்பை, தலைவகிடு, கைக்கடிகாரம், பின்னால் உள்ள எழுத்து எல்லாவற்றையும் ஒருமுறை பாருங்கள்.

கதவைத் திறக்கும் கை இரண்டாவது ஷாட்டில் மறுபடி திறப்பதுபோல் இருந்தால் இரண்டாவதின் தொடக்கத்தில் இரண்டு மூன்று ஃபிரேம் வெட்டுங்கள். வெட்டைச் செயல் தொடங்கும் முன்போ முடிந்த பின்போ வைக்காமல், செயல் நடந்துகொண்டிருக்கும்போது வையுங்கள். கண் அசைவைத் துரத்தும்போது வெட்டைக் கவனிக்காது. உரையாடலில் எல்லாம் சரியாக இருந்தும் பிங்பாங் ஆட்டம் போல் இருந்தால், படமும் ஒலியும் ஒரே ஃபிரேமில் வெட்டப்படுகின்றனவா என்று பாருங்கள். ஒலியைச் சில ஃபிரேம் முன்னாலேயே நுழையவிடுங்கள், அல்லது பேசி முடியும் முன்பே கேட்பவர் முகத்துக்குப் போங்கள்.

படத்தை எத்தனை முறை பார்த்தும் உறுத்தலின் காரணம் பிடிபடவில்லையா? கண்ணை மூடிக்கொண்டு கேளுங்கள். பெரும்பாலும் வெட்டில் அறையின் மெல்லிய இரைச்சல் அறுபட்டுப் புதிதாகத் தொடங்கும். படப்பிடிப்பில் எல்லாரையும் அசையாமல் நிற்கச் சொல்லி அரை நிமிடம் வெறும் அறையொலியைப் பதிந்திருந்தால் அதை அடியில் விரித்துவிடலாம். பதியவில்லையென்றால் டேக்குகளைத் துருவுங்கள்: ஆக்‌ஷன் சொன்னதற்கும் முதல் வசனத்துக்கும் இடையில் ஒன்றிரண்டு நொடியாவது கிடைக்கும். அதை நகலெடுத்து, ஓரங்களை ஒன்றோடொன்று கரையவிட்டு (கிராஸ்ஃபேட்), வெட்டுகளுக்கு அடியில் ஓடவிடுங்கள்.